ஜோ ஆலனை நேராக்கினார்கள்

எங்கள் ஒஹாயோ ஊரான கால்டர் ஃபெரியின் கல்லறைத் தோட்டத்தில் எல்லாரும் கிழக்கே கால் நீட்டி ஒழுங்காகப் படுத்திருக்க, ஜோ ஆலன் மட்டும் கோணலாகக் கிடந்தார். யூனியன்காரர்களுக்கென்று ஒதுக்கிய பகுதியில், மற்ற கல்லறைகளுக்கு நடுவே, அவசரத்தில் யாரோ குறுக்கே நிறுத்திவிட்டுப் போன வண்டி மாதிரி ஒரு நீளமான சிமெண்ட் பலகை. முப்பத்தேழாம் வருஷத்து வேலைநிறுத்தத்தில் இரும்பு மில் வாசலில் காவலாளிகள் சுட்டுச் செத்தவர் அவர். எங்கள் யூனியனின் ஒரே தியாகி. செத்த பிறகும் முதலாளி போட்ட வரிசையில் நிற்க மாட்டேன் என்றுவிட்டார், அதனால்தான் அந்தக் கோணல் என்று ஊரில் சொல்வார்கள். எங்கள் பிள்ளைகளுக்கும் அப்படித்தான் சொல்லி வளர்த்தோம். கேட்கவும் நன்றாகத்தான் இருந்தது.

நான் வெர்னா ஹுடாக். மில் ஓடிய காலத்தில் யூனியன் அலுவலகத்தில் புகார் மனுக்களைப் பார்த்தவள். எந்த ஃபோர்மேனாவது ஒருத்தனை அநியாயமாக வீட்டுக்கு அனுப்பினால், அந்த ஃபோர்மேனின் சட்டையைப் பிடிக்காத குறையாகச் சண்டை போட்டு ஆளைத் திரும்ப உள்ளே கொண்டுவருவது என் வேலை. பிறகு மில்லை மூடினார்கள், இயந்திரங்களைக் கழற்றி விற்றுத் தின்றார்கள். எனக்குச் சண்டை போட ஆள் இல்லாமல் போயிற்று. பொழுது போகாமல் ஊர் நூலகத்தில் வம்சாவளிச் சங்கத்தில் சேர்ந்தேன். யாருடைய பாட்டன் எந்தக் கப்பலில் வந்தான் என்று தேடிக் கொடுக்கிற சங்கம் அது. வருகிறவர்கள் எல்லாருக்கும் ராஜ வம்சம் வேண்டும். நான் தேடிக் கொடுப்பதோ பன்றி மேய்த்தவனும் நிலக்கரி வெட்டியவனும். முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு போவார்கள்.

குளிர்காலத்தில் டார்லீன் வந்தாள். டார்லீன் ஆலன் ப்ரூயிட், ஜோ ஆலனின் பேத்தி, பள்ளி வாரியத் தலைவி. நானும் அவளும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். கையில் ஒரு காகிதம் வைத்திருந்தாள்.

"இதைக் கொஞ்சம் பாருடீ வெர்னா. எச்சிலைத் துப்பி அனுப்பினா வம்சத்தைச் சொல்றாங்களே, அதுல அனுப்பினேன். கால்வாசி ரத்தம் சிரியா, லெபனான் பக்கம்னு வருது. நீ ஏசு பிறந்த ஊர்க்காரியான்னு என் வீட்டுக்காரர் கேலி பண்றார்."

"உன் குணத்துக்கு, குழந்தைங்களைக் கொன்ன ஏரோது ராஜா வீட்டுக்காரியா இருக்கும்."

"போடீ. ஜோ தாத்தா வழியாத்தான் வந்திருக்கணும். பெத்லகேம் பக்கத்துப் பழைய கிறிஸ்தவக் குடும்பமா இருக்கும். கண்டுபிடிச்சுக் குடு, ஃப்ரேம் போட்டு மாட்டறேன்."

தேடினேன். ஜோ ஆலன் பற்றிக் கிடைத்த காகிதங்கள் எல்லாம் 'துருக்கியில் பிறந்தவர்' என்ற ஒரே வரியோடு நின்றுவிட்டன. சிரியா துருக்கி ஆட்சியில் இருந்த அந்தக் காலத்தில் அங்கிருந்து யார் வந்தாலும் அப்படித்தான் எழுதினார்கள். அதை வைத்து ஒன்றும் சொல்ல முடியாது. டார்லீனிடம் பொறுமையாக இருக்கச் சொன்னேன்.

வசந்தம் வந்தபோது கமீலுக்குப் பிரச்சினை வந்தது. கமீல் தக்ரூப் எங்கள் பள்ளியில் ஏழாம் வகுப்புக்கு உலக வரலாறு நடத்துகிறவன். அவனுடைய கொள்ளுத் தாத்தா சிரியாவிலிருந்து வந்து இதே மில்லில் உலை முன்னால் வெந்தவர். ஒரு காலத்தில் ஆற்றங்கரைத் தெரு முழுக்க அந்த ஊர் முஸ்லிம்கள் இருந்தார்கள். சிலர் டெட்ராய்ட் போனார்கள், சிலர் சர்ச்சுக்குப் போனார்கள். தொழுகிறவர்கள் என்று மிஞ்சியது தக்ரூப் குடும்பம் ஒன்றுதான். கமீலை நான் சின்னப் பிள்ளையிலிருந்து பார்க்கிறேன். கோபம் வராத ஆள். அது ஒரு குறை என்றே நான் நினைத்திருக்கிறேன்.

மாநிலப் பாடத்திட்டத்திலேயே இஸ்லாம் பற்றி ஒரு பாடம் உண்டு. அவன் அதை நடத்தும்போது, இங்கிருந்து மக்கா எந்தப் பக்கம் என்று பிள்ளைகளைக் கேட்டிருக்கிறான். அவர்கள் சுவரில் இருந்த வரைபடத்தைப் பார்த்துத் தென்கிழக்கைக் காட்டினார்கள். இவன் உலக உருண்டையை எடுத்து, ஒஹாயோவில் ஒரு நூலை வைத்து, மக்காவரை இழுத்துப் பிடித்தான். நூல் வடகிழக்கே கனடாவைத் தாண்டிப் போயிற்று. உலகம் உருண்டை, குறுக்கு வழி அப்படித்தான் போகும். பிள்ளைகளுக்கு ஒரே ஆச்சரியம். எழுந்து நின்று அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தி அதை ஃபோனில் படம் பிடித்தாள். சாயங்காலத்துக்குள் அவளுடைய அம்மா அதை ஊருக்கெல்லாம் அனுப்பிவிட்டாள். 'நம் பிள்ளைகளை மக்காவைப் பார்த்து நிற்க வைக்கிறான்' என்று மேலே எழுதியிருந்தது.

கமீலைப் பள்ளிக்கு வர வேண்டாம் என்றார்கள். மே மாதக் கூட்டத்தில் வாரியம் விசாரித்து, வேலையில் வைப்பதா நீக்குவதா என்று ஓட்டுப் போடும். அவன் மனைவி ஹாலாவுக்குச் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது, டயாலிசிஸில்தான் உயிர் ஓடுகிறது. அதற்கான காப்பீடு பள்ளிக்கூட வேலையோடு வந்தது. வேலை போனால் அதுவும் போகும். ஊரில் எல்லாருக்கும் இது தெரியும். தெரிந்துகொண்டேதான் அவனை நீக்கச் சொன்ன மனுவில் கையெழுத்துப் போட்டார்கள்.

எனக்கு ரத்தம் கொதித்தது. எத்தனையோ வருஷம் கழித்து ஒரு உருப்படியான புகார் கைக்கு வந்த மாதிரி இருந்தது என்பதும் உண்மைதான். அவன் வீட்டுக்குப் போய், விசாரணையில் என்ன பேசுவது என்று உட்கார்ந்து யோசித்தோம். ஹாலா சோபாவில் கண்ணை மூடிச் சாய்ந்திருந்தாள். பேச்சுவாக்கில் நான் டார்லீனின் எச்சில் காகிதத்தைப் பற்றிச் சொல்லிச் சிரித்தேன். கமீல் சிரிக்கவில்லை. ஹாலாவைப் பார்த்தான்.

"சொல்லிடுங்க," என்றாள் அவள், கண்ணைத் திறக்காமலே.

"அந்தக் கல்லறை கோணல் இல்ல, வெர்னா," என்றான் கமீல். "அவர் பேர் யூசுஃப் அலி. சம்பளம் போடற கிளார்க் வாய்க்கு வராம ஜோ ஆலன்னு எழுதிட்டான். சுட்டுப் போட்ட அன்னிக்கு அவரைக் குளிப்பாட்டினது எங்க கொள்ளுத் தாத்தா. உங்க யூனியன் ஹால் சமையலறையிலதான். அப்ப இருந்த யூனியன் தலைவர், இவர் உங்க ஆளு, உங்க முறைப்படியே அடக்கம் பண்ணுங்கன்னு எங்க கொள்ளுத் தாத்தாகிட்ட சொல்லிட்டாராம். வலது பக்கமா ஒருக்களிச்சு, முகம் மக்கா பக்கம் இருக்கற மாதிரி வச்சாங்க. அப்படி வச்சா குழி குறுக்கேதான் வரும்."

"மக்கா வடகிழக்குன்னு நீதானே சொன்னே?"

"அவங்க சுவத்து வரைபடத்தைப் பாத்து வச்சாங்க. என் பிள்ளைங்க காட்டின அதே தென்கிழக்கு. தப்புத்தான். ஆனா அவங்க அறிஞ்ச மக்கா அந்தப் பக்கம்தான் இருந்துச்சு."

யூசுஃபின் மனைவி ஹங்கேரியக் கத்தோலிக்கப் பெண். கைக்குழந்தையோடு நின்றாள். பிள்ளை இந்த ஊரில் பிழைக்க வேண்டும், தகப்பன் யார் என்று வெளியே சொல்லாதீர்கள் என்று கமீலின் கொள்ளுத் தாத்தாவிடம் கேட்டுக்கொண்டாளாம். அவர் வாக்குக் கொடுத்தார். தக்ரூப் வீட்டில் தலைமுறை தலைமுறையாக அந்த வாக்கைக் காப்பாற்றியிருக்கிறார்கள். பெருநாள் காலையில் யாராவது ஒருவர் போய் அந்தப் பலகைக்குப் பக்கத்தில் நின்றுவிட்டு வருவார்களாம், அவ்வளவுதான்.

என்னால் உட்கார முடியவில்லை. "டேய், இது போதும்டா. இந்த ஊர் கும்பிடற தியாகியே உங்க ஆளுன்னா, எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டு உன்னை வெளிய அனுப்புவாங்க? வாரியத்துல பாதிப் பேரு மில்லுக்காரன் பிள்ளைங்க."

"வேண்டாம் வெர்னா. செத்தவரைத் தெருவுக்கு இழுக்க வேண்டாம்."

"செத்தவருக்கு டயாலிசிஸ் வேண்டாம். இவளுக்கு வேணும்."

அப்படிச் சொன்னது கொடூரம்தான். ஆனால் வேலை செய்தது. அவன் எழுந்து ஹாலாவின் தலைக்கடியில் இருந்த தலையணையைச் சரிசெய்தான். பிறகு, "சொல்றதா இருந்தா கூட்டத்துலயே நேரா சொல்லுங்க. டார்லீன்கிட்ட முன்னாடி போகாதீங்க," என்றான்.

"அது நம்ம பழக்கம் இல்ல," என்றேன்.

இல்லைதான். யூனியன் ஹாலில் எழுதி வைக்காத சட்டம் ஒன்று உண்டு. கூட்டத்தில் ஒரு தோழரை எதிர்த்துப் பேசப் போகிறாய் என்றால், அதற்கு முன்னால் அவர் வீட்டுக்குப் போய் முகத்துக்கு நேரே சொல்லிவிட வேண்டும். எதிர்பாராமல் அடிப்பது கம்பெனிக்காரன் வேலை, நம்முடையது அல்ல. அப்படிச் சொல்லாமல் பேச எழுந்தால் நாற்காலியை முதுகுப் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்துவிடுவார்கள். எவ்வளவு பெரிய ஆளானாலும் முதுகுகளைப் பார்த்துப் பேச முடியாது. நான் அந்த ஹாலில் வளர்ந்தவள். டார்லீனும்தான். அவளுக்கு விஷயம் தெரிந்தால் அவளே மனசு மாறுவாள் என்று நினைத்தேன். ஜோ ஆலனின் ரத்தம் ஆயிற்றே.

அவளுடைய சமையலறையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். ரூபார்ப் தண்டு வைத்துச் சுட்ட இனிப்பை வெட்டி வைத்திருந்தாள். நான் சொல்லி முடிக்கிறவரை குறுக்கே பேசவில்லை. பிறகு அழுதாள். நானும் அழுதேன். எழுந்து வந்து என்னைக் கட்டிக்கொண்டாள்.

"வேற யாருக்கெல்லாம் தெரியும்?"

"எனக்கும் கமீல் வீட்டுக்கும்தான். இப்ப உனக்கு."

"மொதல்ல என்கிட்ட வந்து சொன்னே பாரு. அதுக்கு நன்றிடீ. அதுதான் நம்ம வழக்கம்."

மிச்சமிருந்த இனிப்பைக் கட்டிக் கொடுத்தாள். வழியெல்லாம் பாட்டு முணுமுணுத்துக்கொண்டு காரை ஓட்டினேன். எப்பேர்ப்பட்ட முட்டாள் நான்.

கூட்டத்துக்கு முந்தின வெள்ளிக்கிழமை, மீன் வறுவல் விருந்துக்கு யூனியன் ஹாலுக்குப் போனேன். மில்லில் கிரேன் ஓட்டிய வர்ஜில் ஸ்டட்ஸ் எனக்கு எதிரே தட்டோடு வந்து உட்கார்ந்தான். முகமெல்லாம் பெருமை.

"தோழர் வெர்னா, கல்லறைத் தோட்டம் பக்கம் போனீங்களா? ஜோவை நேராக்கிட்டோம்."

"நேராக்கினதுன்னா?"

"எத்தனை வருஷம் அந்த மனுஷன் கோணிக்கிட்டே கிடப்பாரு? டார்லீன் வந்து கேட்டுச்சு. குடும்பத்து ஆசை, நம்ம ஆளுங்க கையாலேயே நடக்கணும்னு. கவுண்டி ஆபீஸ்ல அனுமதியும் அதுவே வாங்கிடுச்சு. ஓய்வுபெத்த நாங்க எல்லாரும் சேந்து செஞ்சோம். புதுக் கல்லு, மேல சிலுவை. பாஸ்டர் வந்து ஜெபம் பண்ணினாரு. இப்பத்தான் தன் தோழருங்களோட வரிசையில படுத்திருக்காரு."

"பலகையை மட்டும் திருப்பினீங்களா?"

"பலகையை மட்டும் திருப்பினா ஆளு கோணலாத்தானே கிடப்பாரு? தோண்டித்தான் எடுத்தோம். பெட்டின்னு ஒண்ணும் இல்ல, அப்பவே இல்லையோ என்னவோ. எலும்பு இருந்துச்சு. மரியாதையா எடுத்துப் புதுப் பெட்டியில மல்லாக்கப் படுக்க வச்சோம், எல்லாரையும் மாதிரி."

முள்கரண்டியைக் கீழே வைத்தேன். "மொதல்ல எப்படிப் படுத்திருந்தார், வர்ஜில்?"

அவன் யோசித்தான். "அதுதான் எனக்கும் புரியல. ஒருக்களிச்சு இருந்தாரு. வலது பக்கமா. தூங்கற மாதிரி." எலுமிச்சம்பழத்தை மீன்மேல் பிழிந்தான். "ஏன் கேக்கறீங்க?"

எண்பது வருஷத்துக்கும் மேலாக ஒரே பக்கம் பார்த்துப் படுத்திருந்த மனுஷனைப் புரட்டிப் போட்டது மில் முதலாளி இல்லை, அவனுடைய காவலாளிகள் இல்லை. என் ஆட்கள். சம்பளம் கூட வாங்காமல், நல்ல மனசோடு செய்திருக்கிறார்கள். நான் குப்பை வாளியில் தட்டைக் கவிழ்த்துவிட்டு, வெளியே போய்க் காருக்குள் உட்கார்ந்து கத்தினேன்.

கமீலுக்கு ஃபோனில் சொன்னேன். "சரி," என்று வைத்துவிட்டான்.

கூட்டம் பள்ளிக்கூடத்தின் கூடைப்பந்து அரங்கில் நடந்தது. மடக்கு நாற்காலிகள் போதாமல் ஓரத்தில் நின்றுகொண்டிருந்தார்கள். முன் வரிசைகளில் யூனியன் சட்டை போட்ட கிழவர்கள், நடுவில் வர்ஜில். கமீல் ஒரு சின்ன மேஜைக்குப் பின்னால் தனியாக உட்கார்ந்திருந்தான். ஹாலா வர முடியவில்லை.

கமீல் பற்றிய விஷயத்தை எடுப்பதற்கு முன்னால் டார்லீன் மைக்கைப் பிடித்தாள். குடும்ப விஷயமாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டும் என்றாள். குரல் நடுங்கியது. அது நடிப்பு இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். பயந்துபோயிருந்தாள்.

"என் தாத்தா இந்த ஊருக்காக உயிரைக் குடுத்தவர். இப்போ ஒரு வேலையைக் காப்பாத்திக்க, அவர் கிறிஸ்தவரே இல்லைன்னு ஒரு பேச்சைக் கிளப்பிவிட்டிருக்காங்க. என் சமையலறையில உக்காந்து, என் கையால சாப்பிட்டுக்கிட்டே எனக்குச் சொன்னாங்க. இன்னிக்குக் கூட்டத்துல சொல்லப்போறோம்னு மிரட்டினாங்க. நான் கேக்கறேன், உயிரோட இருக்கற நம்ம பிள்ளைங்க போதாதா இவருக்கு? செத்தவங்களையும் மதம் மாத்தணுமா?"

அரங்கம் கொதித்தது. யாரோ காலால் தரையைத் தட்டத் தொடங்க, மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். ஜோ ஆலன் யார் என்ற உண்மைதான் என்னிடம் இருந்த ஒரே ஆயுதம். அதை நானே அவளுக்கு முன்கூட்டிக் கொண்டுபோய்க் கொடுத்திருந்தேன். இப்போது அது எங்கள் மேலேயே விழுந்தது.

பொதுமக்கள் பேசும் நேரம் வந்ததும் நான் மைக்குக்குப் போனேன். "நான் மிரட்டல. நம்ம வழக்கப்படி சொன்னேன்," என்று ஆரம்பித்தேன். முதல் வரிசையில் ஒரு நாற்காலி கிரீச்சிட்டது. என்னோடு பட்டினி கிடந்து மறியல் செய்தவன் ஒருவன் எழுந்து, நாற்காலியைத் திருப்பிப் போட்டு, எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தான். அடுத்தவன் திருப்பினான். அதற்கடுத்தவனும். என் முன்னால் யூனியன் பேர் அச்சடித்த முதுகுகள் வரிசையாக நின்றன. வர்ஜில் மட்டும் இன்னும் என்னைப் பார்த்து உட்கார்ந்திருந்தான்.

"வர்ஜில்," என்றேன். "நீ உன் கண்ணால பாத்தே. அவர் எப்படிப் படுத்திருந்தார்னு சொல்லு. அது மட்டும் சொல்லு, போதும்."

அவனுக்குப் புரிந்துவிட்டது. மீன் வறுவல் அன்று நான் ஏன் கேட்டேன் என்பது அந்த நிமிஷம்தான் அவன் மண்டையில் ஏறியது. அவன் முகம் போன போக்கை நான் பார்த்தேன். தன் இரண்டு கைகளையும் பார்த்தான். அவை எதைத் தூக்கி எங்கே வைத்தன என்று அவனுக்குத் தெரியும். பேசினால் தான் செய்தது என்னவென்று ஒப்புக்கொள்ள வேண்டும். பக்கத்தில் இருந்த முதுகுகளை ஒருமுறை பார்த்தான். பிறகு மெதுவாக எழுந்து தன் நாற்காலியைத் திருப்பினான்.

வாரியத் தலைவியின் உதவியாள் கமீலிடம் ஏதாவது சொல்ல விரும்புகிறாரா என்று கேட்டார். "இல்லை," என்றான் கமீல். ஓட்டெடுப்பு சீக்கிரம் முடிந்தது. அவனுக்காக ஒரு கைகூட உயரவில்லை. டார்லீன் அவனைப் பார்க்காமல் தீர்மானத்தை வாசித்தாள். மாதக் கடைசியோடு சம்பளமும் காப்பீடும் நின்றுவிடும் என்பதையும் அவள்தான் வாசித்தாள்.

வெளியே வண்டி நிறுத்தும் இடத்தில் அவனைப் பிடித்தேன். இன்னும் வெளிச்சம் இருந்தது. சிலர் காருக்குப் பக்கத்தில் நின்று எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மேல்முறையீடு செய்யலாம், மாநிலத் தலைநகர் கொலம்பஸில் எனக்கு ஒரு வக்கீலைத் தெரியும், வர்ஜிலை ஒருநாள் பேச வைத்துவிடுவேன் என்று மூச்சு விடாமல் அடுக்கினேன். அவன் முழுக்கக் கேட்டான். கோபப்படுவான் என்று எதிர்பார்த்தேன். கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

"ஹாலாவுக்கு நாளைக்கு டயாலிசிஸ். காலையில எழுந்திருக்கணும்," என்று கார்க் கதவைத் திறந்தான்.

"என்னைத் திட்டவாவது செய்டா."

"எதுக்கு? என் வேலை எப்படியும் போயிருக்கும் வெர்னா. நீங்க பேசினாலும், பேசாட்டியும். அது எனக்கு மொத நாளே தெரியும்." உள்ளே உட்கார்ந்து பெல்ட்டைப் போட்டுக்கொண்டான். "வேலை போனா நான் டெட்ராய்ட் போய் வேற தேடுவேன். கிடைக்குமோ கிடைக்காதோ, தேடறதுக்குக் காலு இருக்கு. யூசுஃபுக்கு இந்த ஊர்ல தன் பேர் இல்ல, தகப்பன்னு சொல்லிக்கிற பிள்ளை இல்ல, சாமி இல்ல. எந்தப் பக்கம் பாத்துப் படுக்கறதுங்கறது ஒண்ணுதான் இருந்துச்சு."